பட்டியல் காலியா, கண்ணு காலியா?

"இல்லை"ங்கறது வேற, "தெரியலை"ங்கறது வேற. சின்னப் புள்ளைக்குக்கூட இந்த வித்தியாசம் புரியும். "அப்பா வீட்ல இருக்காரா?"ன்னு கேட்டா, உள்ள போய்ப் பாத்துட்டு வந்து "இல்ல"ன்னு சொல்லும். பாக்கலைன்னா "தெரில"ன்னு சொல்லிட்டு வெளையாடப் போயிடும். ஆனா நம்ம பொட்டியில வைஃபை தேடுற மென்பொருட்கள் பலதுக்கு இந்த அறிவு இன்னும் வரலை. பார்த்து ஒண்ணும் கிடைக்கலைன்னாலும் காலிப் பட்டியல். பார்க்கவே முடியலைன்னாலும் அதே காலிப் பட்டியல். நான் குறை சொல்ல வந்தது இதைப் பத்தித்தான். பதிவு கொஞ்சம் நீளம். டீ எடுத்துக்கிட்டு உக்காருங்க மக்களே.

மொதல்ல ரெண்டு வரி பாடம், தெரிஞ்சவங்க தாண்டிப் போயிடலாம். வைஃபை ரூட்டர் எதுவும் சும்மா இருக்கறதில்லை. "நான் இங்க இருக்கேன், என் பேரு இன்னது"ன்னு விநாடிக்குச் சுமார் 10 தடவை கூவிக்கிட்டே இருக்கும். (அந்தக் கூவலுக்குப் பேரு பீக்கன்.) ஸ்கேனர் மென்பொருள் உங்க வைஃபை கார்டை ஒவ்வொரு சேனலா நகர்த்தி அந்தக் கூவலைக் கேக்கும். சில சமயம் "யாராச்சும் இருக்கீங்களா?"ன்னு தானே குரல் கொடுத்தும் பாக்கும். கிடைச்சதைப் பட்டியல் போடும்: நெட்வொர்க் பேரு, ரூட்டரோட பிஎஸ்எஸ்ஐடி எண், சேனல், சிக்னல் எத்தனை டிபிஎம். மைனஸ் 40ன்னா பக்கத்துலயே இருக்குன்னு அர்த்தம். மைனஸ் 85ன்னா இழுத்துக்கிட்டுக் கிடக்கு. ரூட்டரை எந்த ரூம்ல வைக்கலாம், பக்கத்து வீட்டு சேனலோட நம்ம சேனல் இடிக்குதா, மாடிக்குத் தனியா ஒரு பொட்டி வேணுமா... இதுக்கெல்லாம் ஸ்கேனரைவிட நல்ல கருவி கிடையாது. அதனாலதான் அது பொய் சொன்னா எனக்குக் கோவம் வருது.

சென்னையில அடுக்குமாடிக் குடியிருப்புல உக்காந்து இதை ஓட்டுறவங்களுக்கு என் கோவம் புரியாது. அங்க ஸ்கேனரைத் திறந்தா முப்பது நாப்பது பேரு வரிசை கட்டி நிக்கும். பட்டியல் காலியா வந்தா, "என்னமோ கோளாறு"ன்னு அந்த நிமிஷமே தெரிஞ்சிடும். நான் இருக்கறது சந்தவாசல். வேலூர் - போளூர் ரோட்டுல, படவேடு ரேணுகாம்பாள் கோயிலுக்குப் போறவங்க திரும்புற ஊரு. இந்தப் பக்கம் ஜவ்வாது மலை, மிச்சமெல்லாம் வயலும் தோப்பும். எங்க தெருவுல ஸ்கேன் பண்ணா ரெண்டு, மிஞ்சிப் போனா மூணு. ஆடி வெள்ளி அன்னிக்கு மட்டும் கோயிலுக்குப் போற வண்டியில இருக்கற போன் ஹாட்ஸ்பாட்டெல்லாம் வரும், அடுத்த நிமிஷம் காணாமப் போகும். மத்தபடி ஊருக்கு வெளிய ஒரு பர்லாங்கு நடந்தா நிஜமாவே பூஜ்யம்தான். மலைமேல கேக்கவே வேணாம்.

ஆக, எங்க ஊர்ல காலிப் பட்டியல்ங்கறது நம்பத்தகுந்த விடை. அதுதான் ஆபத்து. நாப்பது இருக்கற இடத்துல பூஜ்யம் காட்டினா யாரும் ஏமாற மாட்டாங்க. ரெண்டு இருக்கற இடத்துல பூஜ்யம் காட்டினா எல்லாரும் ஏமாறுவாங்க.

ஏமாந்தா என்ன ஆகும்? ஒரு உதாரணம். பக்கத்துத் தெரு அக்காவோட பொண்ணு வீட்ல இருந்தே வேலை பாக்குது. பின்ரூம்ல உக்காந்தா நெட்டு அறுந்து அறுந்து போகுதுன்னு லேப்டாப்பை டவுன்ல ஒரு கடையில காட்டியிருக்காங்க. கடைப் பையன் ஒரு இலவச ஸ்கேனரைப் போட்டு ஓட்டிப் பாத்திருக்கான். பட்டியல் சுத்தமா காலி. "வைஃபை கார்டு போயிட்ச்சு, மாத்தணும், 1,800 ரூபா"ன்னு சொல்லிட்டான். அக்கா என்கிட்ட வந்து, "இன்னா தம்பி, வாங்கி ஒரு வருசம்கூட ஆவல, அதுக்குள்ள கார்டு பூடுமா?"ன்னு கேட்டாங்க.

நான் அந்தப் பொண்ணுகிட்ட ஒரே ஒரு கேள்வி கேட்டேன். "ஏம்மா, கடையில ரூட்டர் இருந்துச்சா?" "இருந்துச்சுண்ணா, கல்லாவுக்கு மேலயே பச்சை லைட்டு எரிஞ்சுது."

அவ்ளோதான் விஷயம். பத்தடி தூரத்துல இருக்கற கடை ரூட்டரே அந்தப் பட்டியல்ல இல்லை. அப்போ அது "இங்க நெட்வொர்க் இல்லை"ங்கற பட்டியலே கிடையாது. கார்டு போச்சா, அனுமதி இல்லையா, டிரைவர் மக்கர் பண்ணுதான்னு இன்னும் தெரியாது. ஆனா ஸ்கேனர் எதையும் பாக்கலைங்கறது மட்டும் நிச்சயம். லேப்டாப்பைத் திறந்து பாத்தா லொகேஷன் ஸ்விட்ச் அணைஞ்சிருந்தது. போட்டதும் மூணு பேரு வந்து நின்னுச்சு. அதே ஸ்கேனரை வெச்சுப் பின்ரூம்ல அளந்தா மைனஸ் 82. நடுவுல ஒரு இரும்பு பீரோ. ரூட்டரைப் பரண்மேல ஏத்தினோம், மைனஸ் 64க்கு வந்துச்சு. செலவு பூஜ்யம்.

நிற்க. "வைஃபை தேடுறதுக்கும் லொகேஷனுக்கும் என்னய்யா சம்பந்தம், இது உளவு வேலை"ன்னு சிலபேர் கொதிப்பாங்க. சம்பந்தம் இருக்கு, இந்தக் கேட்டை நான் ஆதரிக்கிறேன். ரூட்டரோட பிஎஸ்எஸ்ஐடி எண் கிட்டத்தட்ட கதவிலக்கம் மாதிரி. எந்த எண் எந்தத் தெருவுல இருக்குன்னு பெரிய பெரிய நிறுவனங்கள் பட்டியல் வெச்சிருக்கு. 2001ல ஆரம்பிச்ச விகிள்னு ஒரு தளத்துல ஆர்வலர்களே ஊர் ஊராச் சுத்திச் சேத்து வெச்சிருக்காங்க. உங்களைச் சுத்தி எந்தெந்த எண் கேக்குதுன்னு ஒரு செயலிக்குத் தெரிஞ்சா போதும், ஜிபிஎஸ் இல்லாமலே நீங்க நிக்கற தெருவை அது சொல்லிடும்.

இது சும்மா பூச்சாண்டி இல்லை. 2016 ஜூன்ல அமெரிக்க ஃபெடரல் டிரேட் கமிஷன், நம்ம இந்தியாவுல பிறந்து வளந்த இன்மொபி விளம்பர நிறுவனத்துமேல வெச்ச குற்றச்சாட்டே இதுதான்: லொகேஷன் தர மாட்டேன்னு சொன்ன ஆட்களைக்கூட வைஃபை விவரத்தை வெச்சு இடம் கண்டுபிடிச்சாங்கன்னு. 9,50,000 டாலர் கட்டி அந்த வழக்கு முடிஞ்சுது. அதனால ஆண்ட்ராய்ட் 6 (2015) காலத்துலேருந்தே ஸ்கேன் பட்டியல் வேணும்னா லொகேஷன் அனுமதி கேக்குது. விண்டோஸ் 11ல 24எச்2 பதிப்புலேருந்து (2024) அதே கதைதான். ஐபோன்ல 2010லயே வைஃபை தேடுற செயலிகளைக் கடையைவிட்டுத் தூக்கிட்டாங்க.

கேட்டு இருக்கட்டும். என் சண்டை கேட்டோட இல்லை. கேட்டு மூடியிருக்குன்னு வாயைத் திறந்து சொல்லாத வாட்ச்மேனோட.

இங்க ஒரு விஷயத்தைச் சரியாச் சொல்லணும், இல்லாட்டி பழி தப்பான தலையில விழும். லொகேஷன் அணைஞ்சிருந்தா விண்டோஸ் அந்த ஸ்கேனர் மென்பொருளுக்குக் காலிப் பட்டியலை அனுப்பறதில்லை. "அனுமதி மறுக்கப்பட்டது"ன்னு தெளிவா ஒரு எர்ரர் கோடு, எண் 5, அனுப்புது. விண்டோஸோட சொந்த நெட்ஷெல் கட்டளையை ஓட்டினா, லொகேஷன் அனுமதி வேணும்னு அதுவே வாயைத் திறந்து சொல்லும். நடுவுல இருக்கற மென்பொருள் அந்த எண் 5ஐ முழுங்கிட்டு வெறும் கட்டத்தை நமக்குக் காட்டினா, அது எழுதினவரோட சோம்பேறித்தனம். நாலு வரி நிரல் எழுதியிருந்தா தீர்ந்திருக்கும்.

இதுல இன்னொரு ரகம் இருக்கு. அது பூஜ்யம் காட்டாது, பழைய கஞ்சியைப் புதுசுன்னு ஊத்தும். லினக்ஸ்ல அந்தக் காலத்து ஐடபிள்யூலிஸ்ட் கட்டளையை ரூட் அதிகாரம் இல்லாம ஓட்டினா புதுசா தேடாது. முன்னாடி யாரோ தேடின மிச்சத்தை எடுத்துக் கொடுக்கும். ஆண்ட்ராய்ட் 9லேருந்து (2018) திரையில இருக்கற செயலி 2 நிமிஷத்துக்கு 4 தடவைதான் தேட முடியும். பின்னால ஓடுற செயலிகளுக்கெல்லாம் சேத்து 30 நிமிஷத்துக்கு ஒரு தடவை. பாட்டரியைக் காப்பாத்த அது நல்ல ஏற்பாடுதான். ஆனா நீங்க போனைத் தூக்கிக்கிட்டு ரூம் ரூமா நடக்கறப்போ, அஞ்சாவது தடவை காட்டுற எண் முன்ரூம்ல எடுத்ததா பின்ரூம்ல எடுத்ததான்னு பல செயலிகள் சொல்றதில்லை. "இது 90 விநாடி பழசு"ன்னு ஓரமா ஒரு வரி போட்டா குறைஞ்சா போயிடுவாங்க?

பழைய ஆளுங்களுக்கு நெட்ஸ்டம்பளர் ஞாபகம் இருக்கும். மாரியஸ் மில்னர் 2001ல வெளியிட்டது. நம்மள்ல பலபேரு இந்தப் பைத்தியத்துல விழுந்ததே அதாலதான் :-) அப்பவும் இதே பாட்டுத்தான். ஆரம்பத்துல ஹெர்மஸ் சிப் இருக்கற கார்டுலதான் ஒழுங்கா ஓடும். எக்ஸ்பியோட வயர்லெஸ் ஜீரோ கான்ஃபிகரேஷனோட மல்லுக்கட்டும். 2004ல வந்த 0.4.0 பதிப்போட வளர்ச்சி நின்னுபோச்சு. விஸ்டா வந்தப்போ அது படுத்துக்கிச்சு, அந்த இடத்துக்கு விஸ்டம்பளர் வந்தது. இத்தனை வருஷத்துல கார்டு மாறிச்சு, விண்டோஸ் மாறிச்சு, காலிப் பட்டியல் மட்டும் அப்படியே இருக்கு.

சரி, மென்பொருள் எழுதறவங்க திருந்தற வரைக்கும் நாம என்ன பண்றது? நான் எல்லாருக்கும் சொல்ற வைத்தியம் ஒண்ணுதான். எதையும் கழட்டாதீங்க, எதையும் திரும்ப இன்ஸ்டால் பண்ணாதீங்க. மொதல்ல ஒரு விளக்கை ஏத்துங்க.

விளக்குன்னா, போன் ஹாட்ஸ்பாட். அதை 2.4 கிகாஹெர்ட்ஸ்ல போட்டு, லேப்டாப்புக்கு ரெண்டடி தள்ளி வைங்க. இப்போ உங்களைச் சுத்தி குறைஞ்சது ஒரு நெட்வொர்க் இருக்குன்னு உங்களுக்கு நிச்சயமாத் தெரியும். ஸ்கேனர் அதைக் காட்டினா கண்ணு நல்லா இருக்கு, மிச்சப் பட்டியலை ஓரளவு நம்பலாம். காட்டலைன்னா கண்ணுதான் கோளாறு; ஊர்ல நெட்வொர்க் இருக்கா இல்லையாங்கற பேச்சே அப்புறம்தான். ரெண்டு நிமிஷ வேலை. அந்தக் கடையில இதைப் பண்ணியிருந்தா 1,800 ரூபா பேச்சே வந்திருக்காது.

கண்ணுதான் கோளாறுன்னு தெரிஞ்சபிறகு, லேசானதுலேருந்து கஷ்டமானதுக்குப் போங்க.

1. விண்டோஸோட சொந்த வைஃபை பட்டியலைத் திறங்க. அதுல விளக்கு தெரிஞ்சு ஸ்கேனர்ல தெரியலைன்னா கார்டு நல்லா இருக்கு, அனுமதிதான் பிரச்சினை. செட்டிங்ஸ்ல பிரைவசி பகுதியில லொகேஷனைப் போடுங்க. கீழ டெஸ்க்டாப் செயலிகளுக்குன்னு தனியா ஒரு ஸ்விட்ச் இருக்கும், அதையும் போடுங்க. ஆபீஸ் லேப்டாப்பா இருந்தா நிர்வாகி அதைப் பூட்டி வெச்சிருக்கலாம்.

2. ரெண்டுலயும் தெரியலைன்னா ஏரோபிளேன் மோடு, கீபோர்டுல இருக்கற வைஃபை பொத்தான், அப்புறம் சர்வீசஸ்ல டபிள்யூலேன் ஆட்டோகான்ஃபிக் ஓடுதான்னு பாருங்க. வேகத்தைக் கூட்டறேன்னு அதை நிறுத்திட்டுப் போற புண்ணியவான்கள் உண்டு. லினக்ஸ்காரங்க ஆர்எஃப்கில் பட்டியலைப் பாருங்க.

3. விர்ச்சுவல் மெஷினுக்குள்ள ஸ்கேனர் ஓட்டறீங்களா? அதுக்கு உங்க வைஃபை கார்டு கம்பி நெட்வொர்க்காத்தான் தெரியும். அதுக்குள்ள தேடணும்னா தனியா யுஎஸ்பி அடாப்டர் வாங்கி அதுக்கே கொடுக்கணும்.

4. விளக்கு தெரியுது, வீட்டு ரூட்டர் மட்டும் தெரியலைன்னா அது வேற கதை. மலிவான அடாப்டர் பலதுக்கு 2.4 மட்டும்தான் கேக்கும். ரூட்டர் 5 கிகாஹெர்ட்ஸ்ல மட்டும் பேசினா செவிடு. இன்னொண்ணு, 2.4 அலைவரிசையில நம்ம நாட்டுல 13 சேனல் வரைக்கும் போகலாம், ஆனா அமெரிக்க அமைப்புல இருக்கற கார்டு 11க்கு மேல எட்டிப் பாக்காது. ரூட்டர் 13ல இருந்தா அது கண்ணுக்கே படாது. ரூட்டரை 1, 6, 11ல ஒண்ணுக்கு மாத்திப் பாருங்க.

5. கடைசியா டிரைவர். அதுக்கும் கடைசியாத்தான் கார்டு.

இந்த வரிசையைத் தலைகீழாப் பண்றதுதான் நம்ம ஊர் வழக்கம். மொதல்ல கார்டு மாத்து, அப்புறம் ஃபார்மட் அடி, எல்லாம் முடிஞ்சப்புறம் ஸ்விட்சைப் பாரு!

காலிப் பட்டியலை நம்பறதோட விலை 1,800 ரூபாயோட நிக்காது. 2008 ஜூலை 26 அகமதாபாத் குண்டுவெடிப்புக்குச் சில நிமிஷம் முன்னாடி டிவி சேனல்களுக்குப் போன மின்னஞ்சல், நவி மும்பையில ஒரு வீட்டோட பூட்டாத வைஃபை வழியாப் போச்சு. அந்த வீட்டுக்காரரு விசாரணையில மாட்டி அல்லல்பட்டாரு. அதுக்கப்புறம் 2009 ஜனவரியில, தெருத்தெருவா லேப்டாப்போட போய்ப் பூட்டாத வைஃபையைத் தேடப்போறதா மும்பை போலீஸ் அறிவிச்சது. யோசிச்சுப் பாருங்க. அந்த மாதிரி வேலையில ஒரு லேப்டாப்போட ஸ்கேனர் குருடா இருந்து, அதைக் கையில வெச்சிருக்கறவர் நம்பிட்டா, அந்தத் தெருவுக்கே "பாதுகாப்பா இருக்கு"ன்னு சர்டிபிகேட் கிடைச்சிருக்கும். பாக்காத கண்ணு கொடுக்கற நற்சான்றிதழ், பாத்துட்டுச் சொல்ற கெட்ட சேதியைவிட மோசம்.

எங்க மலைத்தொடரோட அந்தப் பக்கம் கவலூர்ல வைணு பாப்பு வானாய்வகம் இருக்கு. 1988 பிப்ரவரியில ராஜமோகன் அங்கேருந்துதான் ஒரு குறுங்கோளைக் கண்டுபிடிச்சாரு. அதுக்கு ராமானுஜன்னு பேரு வெச்சாங்க. அங்க ராத்திரி மேகம் மூடிக்கிட்டா, "இன்னிக்கு வானத்துல நட்சத்திரம் இல்லை"ன்னு யாராவது எழுதுவாங்களா? மேகம்னுதானே எழுதுவாங்க. ஒரு பொருளைத் தேடறவன் எப்பவும் ரெண்டு விஷயம் சொல்லணும்: என்ன பாத்தேன், பாக்கற நிலைமையில இருந்தேனா. ரெண்டாவதைச் சொல்லாம மொதலாவதுக்கு மதிப்பே கிடையாது.

"சாதாரண ஜனங்களுக்கு எர்ரர் காட்டினா பயந்துடுவாங்க சார், அதான் காலியா விட்டுட்டோம்"னு நிரலாளர் நண்பர்கள் சிலபேர் சொல்லக் கேட்டிருக்கேன். அய்யா சாமிகளா, சாதாரண ஜனங்க எர்ரருக்குப் பயப்படறதில்லை, புரியாத எர்ரருக்குத்தான் பயப்படறாங்க. "லொகேஷன் அணைஞ்சிருக்கு, அதனால தேட முடியலை"ன்னு தமிழ்ல ஒரு வரி எழுதுங்க, எங்க ஊர் அக்கா தானே போட்டுக்குவாங்க. காலிக் கட்டத்தைக் காட்டினாத்தான் பையைத் தூக்கிக்கிட்டு டவுனுக்குப் பஸ் ஏறணும்.

இதைப் படிக்கற உங்கள்ல பாதிப்பேர் நிரல் எழுதறவங்க. மீதிப்பேர் சொந்தக்காரங்களுக்கெல்லாம் இலவசமா பொட்டி பாத்துக் கொடுக்கறவங்க :-) எழுதறவங்ககிட்ட நான் கேக்கறது மூணே மூணு வாசகம்: "தேடினேன், ஒண்ணுமில்லை." "தேட முடியலை, காரணம் இது." "இது இத்தனை விநாடி பழசு." பொட்டி பாக்கறவங்ககிட்ட கேக்கறது ஒண்ணே ஒண்ணு: "கார்டு போச்சு"ன்னு தீர்ப்பு எழுதறதுக்கு முன்னாடி ஒரு ஹாட்ஸ்பாட்டைப் போட்டுப் பாத்துடுங்க. உங்க வாய்வார்த்தையை நம்பிக் காசு எண்ணி வைக்கறவங்களுக்கு நாம செய்ய வேண்டிய குறைஞ்சபட்ச மரியாதை அது.

டிஸ்கி: பக்கத்து வீட்டு வைஃபை பேரைப் பட்டியல்ல பாக்கறது வேற, அனுமதி இல்லாம உள்ள நுழையறது வேற. ரெண்டாவது, 2000ஆம் வருஷத்துத் தகவல் தொழில்நுட்பச் சட்டப்படி குற்றம். ஸ்கேனர் சொல்லிக் கொடுத்தேன், சாவி சொல்லிக் கொடுக்கலை. ஆமா.